கினாரி பஜாரில் ஒரு கிண்ணம் நுரை

அத்தியாயம் 11

பேபி ஜெபமாலையைக் கையில் பிடித்தபடி ஜன்னலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் டெல்லியைக் காணோம். எதிர்வீட்டு மாடி, அதன் தண்ணீர்த் தொட்டி, கொடியில் கிடந்த கம்பளி எல்லாவற்றையும் வெள்ளையாக ஏதோ ஒன்று தின்றுவிட்டிருந்தது.

பிறந்ததிலிருந்து தூத்துக்குடிப் பனிமய மாதாவைக் கும்பிடுகிறவள். பனி எப்படி இருக்கும் என்று இப்போதுதான் பார்க்கிறாள்.

"மாதாவே, எம்புள்ளைக்கு எது நல்லதோ அதச் செய்யி" என்று ஆரம்பித்தாள். பாதியில் நிறுத்தினாள். அது பொய் ஜெபம். மாதாவிடம் பொய் சொல்ல வாய் வரவில்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டு திருத்திச் சொன்னாள்.

"இன்னைக்கு அவ வேல ஊத்திக்கிடணும் மாதாவே. ரொம்ப வேண்டாம். எங்ககூட ரயிலேறுத அளவுக்குப் போதும்."

மகள் ஸ்டெபி பக்கத்துக் குசினியில் டீ போட்டுக்கொண்டிருந்தாள். கேட்டிருக்க மாட்டாள். கேட்டிருந்தாலும் ஆச்சரியப்பட்டிருக்க மாட்டாள்.

ஸ்டெபி டெல்லிக்கு வந்தது ஒரு ஹோட்டல் வேலைக்கு. போன மழைக்காலத்தில் அதை விட்டுவிட்டு, பழைய டெல்லியின் சந்துகளில் ஆட்களைக் கூட்டிக்கொண்டு போய், கடை கடையாக நிறுத்தி, தின்ன வைத்து, கதை சொல்லும் வேலையில் சேர்ந்தாள். சின்னக் கம்பெனி. அப்பா ஜீவமணிக்குப் போனில் இதை விளக்க முடியவில்லை. "நடக்கதுக்கும் திங்கதுக்கும் ஒரு ஆள் வேணுமா ளா? ரெண்டும் மனுசனுக்குத் தானாவே வருமே" என்று கேட்டார்.

ஊரில் ஸ்டெபிக்குப் பேசிவைத்த மாப்பிள்ளை பெவின் காத்திருந்தான். துறைமுகத்தில் கிளியரிங் ஆபீசில் வேலை. குடிக்க மாட்டான். அம்மாவை உட்காரவைத்துச் சோறு போடுகிறவன். அவன் அம்மா பேபியைக் கோயிலில் பார்க்கும்போதெல்லாம் கையைப் பிடித்துக்கொண்டு விடாமல் நிற்பாள். பதில் சொல்லாமல் இனியும் தள்ள முடியாது என்றுதான் புருசனும் பெண்டாட்டியும் ரயிலேறி வந்துவிட்டார்கள், மகளைக் கையோடு கூட்டிப்போக.

நேற்றுச் சாப்பிடும்போது ஸ்டெபிதான் பேச்சை முடித்துவைத்தாள்.

"நாளைக்கு எங்க ஓனர் மேடம் என் பின்னாலயே நடந்து வாராவ. இதுவரைக்கும் நான் தற்காலிகம். நல்லா செஞ்சா இந்தக் குளிர்காலத்து நடை பூராவும் எனக்கு. நல்லா செய்யலன்னா வேலயே கெடையாது. வேல கெடச்சா நான் இங்கன. கெடைக்கலன்னா வெள்ளிக்கெழம உங்ககூட ஏறுதேன். பெவின்கிட்டப் பேசுதேன். அதுக்கு மேல ரெண்டு பேரும் என்னைய இழுக்கக் கூடாது."

"சம்மதம்" என்றார் ஜீவமணி. யோசிக்கவே இல்லை. "நாங்களும் வாரோம்."

"வாங்க. ஆனா வாயத் தொறக்கக் கூடாது."

"திங்கதுக்குமா?"

ஸ்டெபிக்குச் சிரிப்பு வந்தது. அன்றைக்கு முழுவதும் வந்த ஒரே சிரிப்பு.

* * *

சாந்தினி சவுக்கில் மெட்ரோவை விட்டு மேலே வந்ததும் ஜீவமணி நின்றுவிட்டார்.

தெரு முழுவதும் பனி நின்றது. ஆட்கள் இடுப்புக்கு மேல் மட்டும் வந்தார்கள். மூட்டை ஏற்றிய கைவண்டி ஒன்று, இழுக்கிறவன் இல்லாமல் தானாக வருவது போல வந்து, பக்கத்தில் வந்த பிறகு ஓர் ஆளாக மாறியது. மேலே ஒயர்க் கூட்டத்தில் ஒரு குரங்கு உட்கார்ந்திருந்தது. அது எதன் மேல் உட்கார்ந்திருக்கிறது என்று தெரியவில்லை. சத்தம் எல்லாம் பஞ்சுக்குள்ளிருந்து வந்தது.

மீசை அரும்பிய வயதில் இரண்டு பருவம் சங்கு குளித்தவர் ஜீவமணி. காதில் ரத்தம் வந்ததும் கடலை விட்டுவிட்டு பேக்கரிக்குப் போனார். தண்ணீருக்கு அடியில் பார் என்கிற பாறைத்திட்டு மேல் நடக்கும்போது இப்படித்தான் இருக்கும். தூரம் என்று எதுவும் கிடையாது. எதுவும் உங்களிடம் வருவதில்லை. திடீரென்று எதிரே இருக்கும்.

"மூச்சு விடலாம், அது ஒண்ணுதான் வித்தியாசம்" என்றார்.

"என்ன சொல்லுதிய?" என்றாள் பேபி.

"ஒண்ணுமில்ல. நட."

கூட்டத்தில் பத்துப் பேருக்குள்தான் இருந்தார்கள். பூனாவிலிருந்து வந்த தோழிகள் இருவர். எதையும் படம் எடுக்கும் ஒரு கனடாக்காரர். அகமதாபாத்திலிருந்து ஒரு சமணக் குடும்பம். வெள்ளைச் சேலையை முக்காடு போட்ட கோகிலாபென் என்ற அம்மாளும், அவள் மகன் ஹேமலும், மருமகளும். எல்லோருக்கும் பின்னால், சாம்பல் நிறச் சால்வையில் கையைப் புதைத்துக்கொண்டு, ஒன்றும் பேசாமல், ஸ்டெபியின் முதலாளி நந்திதா.

ஸ்டெபி பேச ஆரம்பித்தாள். இந்தியில் பேசும்போது அவள் குரல் கொஞ்சம் தாழ்ந்து, கொஞ்சம் மெதுவாக, வேறொரு பெண்ணுடையது போல இருந்தது. ஜீவமணிக்கு ஒரு சொல்லும் புரியவில்லை. ஆனால் கேட்கிறவர்கள் முன்னால் சாய்ந்தது தெரிந்தது.

முதல் கடையில் உள்ளங்கை அகலம்கூட இல்லாத மொறுமொறுப் பூரியின் மேல் ரவை அல்வாவை வைத்துக் கொடுத்தார்கள்.

"நம்ம கேசரியத் தூக்கிப் பூரில வச்சுட்டு, அதுக்கு ஒரு பேரு" என்றாள் பேபி. மறுபடியும் ஒன்று வாங்கிக்கொண்டாள்.

சமணர்கள் மண்ணுக்குக் கீழே விளைவதைத் தொட மாட்டார்கள். கிழங்கு, வெங்காயம், பூண்டு கிடையாது. முட்டையை நினைத்தே பார்க்க மாட்டார்கள். இந்தக் குடும்பம் வரப்போகிறது என்று தெரிந்ததும் ஸ்டெபி ஒவ்வொரு கடையாகப் போய், எந்த எண்ணெய், எந்தப் பாத்திரம் என்று விசாரித்து வைத்திருந்தாள். இனிப்பின் மேல் ஒட்டும் வெள்ளித்தாளைத் தோலுக்கு நடுவே வைத்து அடிப்பார்கள் என்று அதையும் வேண்டாம் என்று சொல்லியிருந்தாள்.

கோகிலாபென்னுக்கும் ஜீவமணிக்கும் பாஷை இல்லாமலே ஒரு சிநேகம் விழுந்தது. உடைந்த கால்வாய் மூடியைத் தாண்டும்போது அவர் கையை நீட்டினார். அவள் பிடித்துக்கொண்டாள். இடுப்புச் சுருக்குப் பையிலிருந்து உப்புப் போட்டுக் காயவைத்த நெல்லிக்காய்த் துண்டை எடுத்துக் கொடுத்தாள். அவர் வாயில் போட்டுக் கண்ணைச் சுருக்கினார். அவள் சிரித்தாள்.

"பாத்தியளா, இதுக்குள்ள ஒரு ஆளப் பிடிச்சாச்சு" என்றாள் பேபி.

"நெல்லிக்காய்க்கு எல்லா ஊர்லயும் புளிப்புதான் ளா."

கினாரி பஜாருக்குள் நுழைந்தார்கள். கல்யாணச் சேலைக்கு வைத்துத் தைக்கும் சரிகை விற்கும் சந்து. கடைகள் இன்னும் திறக்கவில்லை. மூடிய கதவுகளுக்கு மேல் தொங்கிய சரிகைத் துண்டுகள் மட்டும் பனிக்குள் மினுங்கின. ஒரு வீட்டின் மேல்மாடத்திலிருந்து புறாக்கள் ஒன்றாகக் கிளம்பி, ஓர் ஆள் உயரத்துக்குப் போனதும் காணாமல் போயின. சிறகு அடிக்கும் ஒலி மட்டும் மேலே சுற்றியது.

அந்தச் சந்தின் வளைவில் ஒருவன் நின்றான். மூங்கில் முக்காலி மேல் அகலமான தாம்பாளம். அதன் மேல் கொசுவலைத் துணி. துணியை எடுத்தான்.

உள்ளே ஒரு மேகம் இருந்தது.

வெள்ளை, அதன் மேல் குங்குமப்பூ மஞ்சள் ஓரிடத்தில் அடர்ந்து, இன்னோரிடத்தில் கரைந்து. கரண்டியை விட்டு எடுத்தால் எடுத்த இடம் அப்படியே குழியாக நின்றது. சின்னக் கிண்ணங்களில் எடுத்து, மேலே சர்க்கரைப் பொடியும் உதிர்த்த பால்கோவாவும் தூவிக் கொடுத்தான்.

ஸ்டெபி சொல்லிக்கொண்டிருந்தாள். நேற்று மாலை பாலைக் காய்ச்சி, வானத்துக்குக் கீழே திறந்து வைத்துவிடுவார்கள். குளிரும் பனியும் அதற்குள் இறங்க வேண்டும். விடியும் முன்னே கடைந்து, மேலே வருகிற நுரையை மட்டும் அள்ளி அள்ளிச் சேர்ப்பார்கள். வெயில் வந்தால் இந்தப் பண்டம் கிடையாது. குளிர்காலம் போனால் அடுத்த குளிர்காலம்தான்.

இந்த விளக்கம் அப்பாவுக்குப் புரியாது என்பதை அவள் யோசிக்கவில்லை.

ஜீவமணி கிண்ணத்தைக் கண்ணருகே பிடித்தார். வாய் தானாகத் திறந்தது.

அவர் மக்ரூன் மாஸ்டர். தூத்துக்குடியில் மக்ரூன் போடுகிறவன் காலையில் முதலில் பார்ப்பது இதைத்தான். முட்டையின் வெள்ளைக்கருவைத் தனியே பிரித்து, அடித்து அடித்து, கரண்டியைத் தலைகீழாகப் பிடித்தாலும் விழாத பதம் வரும்வரை அடிக்க வேண்டும். அப்புறம்தான் சீனி, அப்புறம்தான் முந்திரி. மிஷின் வருவதற்கு முன்னால் கையால் அடித்தவர். வலது தோள் இன்றைக்கும் இடதைவிட ஒரு விரல் இறங்கியிருக்கும். உலகத்தில் இப்படி வெள்ளையாக, இப்படி மினுமினுத்து, இப்படிக் குழி விழுந்தபடி நிற்கிற பொருள் ஒன்றே ஒன்றுதான் என்று அவர் கைக்குத் தெரியும்.

வாயில் வைத்தார். நாக்கில் பட்டதும் இல்லாமல் போனது. குங்குமப்பூ வாசனை மட்டும் இருந்தது.

இந்த ஊருக்கு வந்ததிலிருந்து எதுவும் அவருக்குச் சொந்தமாக இல்லை. பேச்சு இல்லை, வழி தெரியாது, மகளே வேறு குரலில் பேசினாள். இதோ, இது தெரிந்தது. இது அவர் வேலை. யாரிடமாவது சொல்லியாக வேண்டும் போல இருந்தது.

பக்கத்தில் கோகிலாபென் இரண்டாவது கரண்டியை வாயில் வைத்திருந்தாள்.

ஜீவமணி நுரையைக் காட்டினார். தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினார். அவர் பேக்கரியில் பீகார்க்காரர்கள் இரண்டு பேர் முட்டை உடைக்கும் வேலை பார்க்கிறார்கள். அவர்களோடு நின்று நின்று முட்டைக்கு இந்தியில் என்ன என்று கற்றிருந்தார். அவருக்குத் தெரிந்த ஒரே இந்திச் சொல் அது.

"அண்டா" என்றார் முகமெல்லாம் பூரித்து.

தாம்பாள விளிம்பில் முட்டையைத் தட்டி உடைப்பது போலக் காட்டினார். மஞ்சளைப் பிரித்து அந்தப் பக்கம் போடுவது போலக் காட்டினார். கையைச் சுழற்றி அடித்துக் காட்டினார். "அண்டா. நான். தூத்துக்குடி."

கோகிலாபென்னின் கையிலிருந்து கிண்ணம் விழுந்தது.

* * *

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. சந்தோரக் குழாயடிக்குப் போய், தண்ணீரை வாயில் ஊற்றி ஊற்றிக் கொப்பளித்தாள். அந்தக் குளிரில் அந்தத் தண்ணீரைத் தொடவே முடியாது. மருமகள் பிடித்து இழுத்தும் வரவில்லை. பிறகு கையைக் கூப்பிக் கண்ணை மூடிக்கொண்டு ஏதோ முணுமுணுத்தாள்.

"அடுத்த சூரியோதயம் வரைக்கும் தண்ணீர்கூட இல்லை என்று நோன்பு எடுத்துவிட்டார்" என்றான் ஹேமல் ஸ்டெபியிடம். "எழுபது வயதில் முதல் முறையாக அவர் வாயில் முட்டை. உங்களை நம்பித்தான் கூட்டிவந்தோம்."

"முட்டை இல்லை. பால். சத்தியமாகப் பால்."

"உங்கள் அப்பாவே சொல்கிறார்."

நுரைக்காரன் தன் பங்குக்குத் தலையில் அடித்துக்கொண்டு சத்தம் போட்டான். என் தாத்தா காலத்துத் தொழில், என் தாம்பாளத்தில் முட்டையா என்று கேட்டான். பூனாத் தோழிகள் தங்கள் கிண்ணங்களை மெல்லக் கீழே வைத்தார்கள். கனடாக்காரர் மட்டும் விவரம் தெரியாமல் இன்னும் தின்றுகொண்டிருந்தார். நந்திதா சால்வையை விட்டுக் கையை எடுக்கவில்லை. பார்த்துக்கொண்டு மட்டும் நின்றாள்.

ஸ்டெபி அப்பாவிடம் வந்தாள். பல்லைக் கடித்துக்கொண்டு தமிழில் சொன்னாள்.

"வேணும்னே செஞ்சியல்லா."

"என்னது ளா?"

"வாயத் தொறக்காதியன்னு சொன்னேன்லா. ஒரு வார்த்த. ஒரே வார்த்தயில முடிச்சுட்டியளே. என்னைய ஊருக்கு இழுத்துட்டுப் போறதுக்கு அந்த வயசான மனுசியா கெடச்சா ஒங்களுக்கு?"

"முட்டைய முட்டன்னு சொன்னேன்."

"அது பாலுப்பா."

"பாலு இப்படி நிக்காது."

"நிக்கும்."

"நாப்பது வருசமா அடிக்கேன். எனக்குத் தெரியாதா?"

ஸ்டெபி திரும்பி ஹேமலிடம் போனாள். போகும்போது அவள் முதுகு கூனியிருந்தது. அவள் தோற்றுவிட்டாள் என்பது அந்த முதுகில் தெரிந்தது.

ஜீவமணி தாம்பாளத்தைப் பார்த்தார். குழாயடியில் நின்ற கோகிலாபென்னைப் பார்த்தார். அவள் இன்னும் முக்காட்டு முனையால் உதட்டைத் துடைத்துக்கொண்டிருந்தாள். துடைத்த இடம் சிவந்துவிட்டது.

பேபி எங்கிருந்தோ வந்து அவர் முழங்கையைப் பிடித்தாள். "விடுங்க. நடந்தது நடந்துட்டு. பேசாம வாங்க, ரூமுக்குப் போயிருவோம்."

அவள் சொன்னதில் தப்பில்லை. அவர் அப்போது பேசாமல் நடந்திருந்தால் வெள்ளிக்கிழமை ரயிலில் மகள் பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். வேறு எதுவுமே செய்ய வேண்டியதில்லை.

"அந்தம்மா வாயக் கழுவுதத பாத்தியா நீ?" என்றார் ஜீவமணி. "மனுசன் திங்கதுக்குத்தான் இவ்வளவு காலமும் செஞ்சிருக்கேன். என்னால ஒருத்தரும் துப்புனது கெடையாது."

நுரைக்காரனிடம் போய் நின்றார். தாம்பாளத்தைக் காட்டி, எங்கே என்று கையை விரித்தார். அவன் முறைத்தான்.

"ஏளா ஸ்டெபி, இத எங்கன வச்சுக் கடையுதான்னு கேளு. நான் பாக்கணும். முட்டன்னா நீ ஏமாந்துருக்க. பாலுன்னா நான் ஏமாந்துருக்கேன். ரெண்டுல ஒண்ணு அந்தம்மாவுக்குத் தெரியட்டும்."

ஸ்டெபி தயங்கினாள். பிறகு நுரைக்காரனிடம் கேட்டாள். அம்மாவும் வந்து நேரில் பார்க்கட்டும் என்று ஹேமலிடம் சொன்னாள்.

* * *

சந்துக்குள் ஒரு சந்து. அதற்குள் ஒருவர் பின் ஒருவராகத்தான் போக முடியும். சுவர் இரண்டு பக்கமும் தோளில் உரசியது. தலைக்கு மேல் ஆகாயம் ஒரு நாடா அகலத்துக்கு இருந்தது. முடிவில் ஆணி அடித்த பெரிய கதவு. கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு முற்றம்.

யாரோ எப்போதோ பணக்காரர்களாக வாழ்ந்த வீடு. இப்போது தூணுக்கு ஒரு குடும்பம் குடியிருந்தது. சுவர் வெடிப்பில் அரசங்கன்று முளைத்திருந்தது. முற்றத்தின் நான்கு பக்கமும் மாடி எழும்பி நின்றதால் பனி வெளியே போக வழியில்லாமல் உள்ளேயே படுத்திருந்தது. அதன் நடுவில், குளத்தில் இறங்கி உட்கார்ந்தவன் போல, நுரைக்காரனின் தம்பி குந்தியிருந்து, வெயில் வருமுன் இன்னொரு தாம்பாளத்துக்காகக் கடைந்துகொண்டிருந்தான். முன்னால் ஐஸ் கட்டிகளுக்கு இடையே பித்தளைக் குடம். மத்தில் சுற்றிய கயிறு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் போய்வந்தது. மழை தூரத்தில் பெய்வது போல ஓர் ஓசை.

ஜீவமணி முதலில் முற்றத்தின் மூலைகளைப் பார்த்தார். முட்டை ஓடு இல்லை. கூடை இல்லை. குப்பைத் தொட்டிக்குள்ளும் பார்த்தார். பேபிக்கு வெட்கமாக இருந்தது.

குடத்துக்குள் விரலை விட்டார். முகர்ந்தார். நாக்கில் வைத்தார். பால்.

"அடிச்சுக் காட்டச் சொல்லு."

தம்பி அடித்தான். பாலின் முகத்தில் குமிழி வந்தது. குமிழி சேர்ந்தது. அதைக் கையால் மெல்ல வழித்து, சல்லடை மேல் போட்டான். மறுபடி அடித்தான். மறுபடி வழித்தான். சல்லடையில் அது உட்கார்ந்தது. விழவில்லை.

"என்கிட்டக் குடு" என்றார் ஜீவமணி.

சட்டைக் கையை மடித்துவிட்டுக் குந்தினார். கயிற்றைப் பிடித்து, பழகிய வேகத்தில் இழுத்தார். முட்டையை அடிக்கிற வேகம். இறங்கிய தோள் இன்னும் இறங்கி ஏறியது. வந்த நுரை எல்லாம் உடைந்து பாலுக்குள்ளேயே போனது. இன்னும் வேகமாக இழுத்தார். ஒன்றும் நிற்கவில்லை. கோகிலாபென் கதவோரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

தம்பி சிரித்தான். எழுந்து வந்து ஜீவமணியின் மணிக்கட்டைப் பிடித்து மெதுவாக்கினான். இப்படி. அவசரப்படாதே. அதுவாக வரும்.

மெதுவாக இழுத்தார். கயிற்றின் ஓசை மட்டும் இருந்தது. பால் மூச்சு விட்டது. ஒரு வெள்ளைத் திரை எழுந்து, திரண்டு, குடத்தின் வாய்வரை வந்து நின்றது. ஜீவமணி கையை விட்டு அள்ளினார். உள்ளங்கையில் எடை என்று எதுவும் இல்லை. ஆனால் இருந்தது. நின்றது.

"நிக்குது ளா" என்றார்.

அவர் குரல் கேட்டு ஸ்டெபி பக்கத்தில் வந்து குந்தினாள்.

"பாலு நிக்குது."

பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது கரைந்தது. உள்ளங்கை நனைந்திருந்தது, அவ்வளவுதான். மக்ரூனில் நுரையைப் பிடித்து வைப்பதற்குத்தான் எல்லாப் பாடும். சீனி போட்டு, முந்திரி போட்டு, அடுப்பில் வைத்து இறுக்கி, டப்பாவில் அடைத்து, கடல் தாண்டிக்கூட அனுப்புவார்கள். இங்கே இதைப் பிடித்து வைக்க யாருக்கும் எண்ணமே இல்லை. ஒரு ராத்திரி பூராவும் வேலை பார்த்துவிட்டு, காலையில் வெயிலுக்குக் கொடுத்துவிடுகிறார்கள். அவர் அதை நினைத்துக்கொண்டே அப்படியே குந்தியிருந்தார்.

பிறகு எழுந்து கோகிலாபென் முன்னால் போய் நின்று இரண்டு காதையும் பிடித்துக்கொண்டார்.

"சொல்லுளா. நான் மக்ரூன் போடுதவன். எங்க ஊர்ல இப்படி நிக்குதது முட்ட ஒண்ணுதான். வேற எதுவும் நிக்கும்னு எனக்குத் தெரியாது. தெரிஞ்ச மாதிரிப் பேசிட்டேன். அவங்க வாயில போனது பாலு. அவங்க மேல ஒரு கறையும் இல்ல. எல்லாம் என் வாயிதான்."

ஸ்டெபி சொன்னாள். பாதியில் அவள் குரல் இறங்கிப்போய், நின்று, மறுபடி ஆரம்பித்தாள்.

கோகிலாபென் நடந்து போய்க் குடத்துக்குள் எட்டிப் பார்த்தாள். தம்பியிடம் ஏதோ கேட்டாள். அவன் குடத்தைச் சாய்த்துக் காட்டினான். அவள் முகம் மெல்லத் தளர்ந்தது. ஜீவமணி அடித்த அடியில் அவர் சட்டையிலும் மீசையிலும் தெறித்திருந்த பாலைப் பார்த்து, முக்காட்டு முனையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள்.

"அம்மா, இனிமேல் ஒரு வாய் சாப்பிடலாமே" என்றான் ஹேமல்.

"நோன்பு எடுத்தாயிற்று. எடுத்தது எடுத்ததுதான்" என்றாள் அவள். "எனக்கும் சேர்த்து நீ இரண்டு கிண்ணம் சாப்பிடு. இந்த மனிதர் கடைந்ததிலிருந்து ஒன்று."

ஹேமல் சாப்பிட்டான். பூனாத் தோழிகள் தம்பியிடம் மத்தை வாங்கிக் கடைந்து பார்த்தார்கள். கனடாக்காரர் எல்லாவற்றையும் படம் எடுத்தார்.

* * *

சந்துக்குத் திரும்பியபோது நந்திதா ஸ்டெபியைத் தனியே நிறுத்திப் பேசினாள். சால்வைக்குள்ளிருந்து முதல் முறையாகக் கையை எடுத்து, மகளின் தோளில் வைத்ததை ஜீவமணி தூரத்திலிருந்து பார்த்தார். பாஷை தேவைப்படவில்லை.

ஸ்டெபி வந்தாள். முகத்தில் சந்தோசமும் அதை எங்கே வைப்பது என்று தெரியாத தவிப்பும் இருந்தது.

"அந்த முற்றத்த இனிமே எல்லா நடையிலயும் சேர்த்துக்கிடச் சொல்லுதாவ. குளிர்காலம் பூராவும் எனக்குத்தானாம்." கொஞ்சம் நிறுத்தினாள். "அப்பாவ மட்டும் இனிமே கூட்டிட்டு வராதன்னாவ."

"நியாயம்" என்றார் ஜீவமணி.

"அப்பா. வேணும்னே செஞ்சியன்னு சொல்லிட்டேன். தப்பு."

"பாதி தப்பு."

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"வேணும்னு செய்யல. நெசமா முட்டன்னுதான் நெனச்சேன். ஆனா அந்தம்மா கிண்ணத்தக் கீழ போட்டா பாரு, அப்ப, முடிஞ்சுது, புள்ள இனி நம்மகூட வந்துருவான்னு ஒரு நிமிசம் நெஞ்சு குளுந்துது. அங்க ஒருத்தி வாயக் கழுவிக்கிட்டு நிக்கா, இங்க எனக்குக் குளுந்துது. அத ஒன்கிட்ட மறைக்கக் கூடாது."

ஸ்டெபி துப்பட்டா முனையை எடுத்து அவர் மீசையில் காய்ந்திருந்த பாலைத் துடைத்துவிட்டாள். சந்து முனையில் கூட்டம் ஜிலேபிக்காகக் காத்து நின்றது. மூடியிருந்த கடைகள் ஒவ்வொன்றாகக் கதவைத் தூக்கத் தொடங்கின. பனிக்குள் எங்கோ மேலே மஞ்சளாக ஒரு வெளிச்சம் தடவிக்கொண்டு வந்தது.

"ஒரு நிமிசந்தானப்பா" என்றாள் ஸ்டெபி. "அதுக்கு என்ன."

"ஒங்க அப்பாவுக்கு ஒரு நிமிசம்" என்றாள் பேபி.

இருவரும் திரும்பினார்கள். முற்றத்துக்குப் போய் வந்ததிலிருந்து பேபி வாயே திறக்கவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. அவள் போனை இரண்டு கையாலும் நெஞ்சோடு சேர்த்துப் பிடித்திருந்தாள்.

"நான் அந்த நிமிசத்துலயே போன் பண்ணிட்டேன்."

"யாருக்கு?"

"பெவின் அம்மைக்கு."

ஜீவமணி சரிகைக் கடைப் படியில் உட்கார்ந்துவிட்டார்.

"என்னன்னு சொன்னிய?" ஸ்டெபியின் குரல் மறுபடி அந்த வேறு பெண்ணுடையதாகிவிட்டது.

"புள்ள வெள்ளிக்கெழம எங்ககூட வாரா, பூ வைக்க நாள் பாருங்கன்னு."

"அவங்க என்ன சொன்னாவ?"

பேபி மகளைப் பார்க்கவில்லை.

"ஒண்ணுஞ் சொல்லல. அழுதுட்டா, சந்தோசத்துல. நானும் இங்கன நின்னு கூடவே அழுதேன்."